தோற்ற அணியின் தலைவன்



மாலை மங்கும் வேளை. புழுதி படிந்த கால்களோடு உங்கள் பிள்ளை விளையாட்டுத் திடலிலிருந்து வீடு திரும்புகிறான். வாசற்படியில் நிற்கும் நீங்கள் அவனிடம் கேட்கும் முதற்கேள்வி எது? "யார் ஜெயித்தது?" என்பதாகத்தான் இருக்கும். நானும் நெடுங்காலம் அதைத்தான் கேட்டு வந்தேன். அந்தக் கேள்வி போதாது என்பதை எனக்கு உணர்த்தியது, ஏறத்தாழ 60 ஆண்டுகளுக்கு முன்னர் அமெரிக்கத் தொலைக்காட்சியில் ஒளிபரப்பான ஒரு கேலிச்சித்திரப் படம் என்று சொன்னால் நீங்கள் வியப்படையலாம். சிறுவர்களின் பேஸ்பால் அணி ஒன்றைப் பற்றிய அரைமணி நேரப் படம் அது.

"மதரஸாவில் ஓதிக்கொடுப்பவருக்குக் கார்ட்டூன் படம் எதற்கு?" என்று சிலர் புருவத்தை உயர்த்தக்கூடும். சற்றுப் பொறுத்தருள்க! படத்தைப் பற்றிச் சொல்வதற்கு முன்னால், நான் செய்த தவறு ஒன்றைச் சொல்லியாக வேண்டும்.

பதினோரு பனியன்கள்

கடலூருக்கும் சிதம்பரத்துக்கும் இடையே, இருப்புப்பாதையை ஒட்டி அமைந்தது எங்கள் செம்மங்குப்பம். அஸர் தொழுகை முடிந்து மஃரிப் பாங்கு ஒலிக்கும் வரை, ஊர்ப் பிள்ளைகளுக்குக் கிரிக்கெட்தான் உலகம். எல்லா வீட்டுப் பிள்ளைகளும் ஒன்றாகவே ஆடுவார்கள். மூன்று குச்சிகளை நட்டால் ஸ்டம்ப். சீமைக் கருவேலம் புதர்தான் எல்லைக்கோடு. நாள்தோறும் ஆட வருவோர் பதினான்கு பேர்.

சென்ற ஆண்டு பக்கத்து ஊரில் ஒரு போட்டி அறிவித்தார்கள். கடைக்காரர் ஒருவர், தம் கடையின் பெயர் பொறித்த பனியன்களை எங்கள் பிள்ளைகளுக்குத் தருவதாகச் சொன்னார். பதினோரு பனியன்கள். "நல்லா ஆடுறவங்களா பார்த்து எழுதிக் கொடுங்க ஹஜ்ரத். நம்ம கடை பேரு போட்டுக்கிட்டுப் போயி தோத்துட்டு வரக்கூடாது" என்பது அவர் விதித்த ஒரே நிபந்தனை. பட்டியல் எழுதும் பொறுப்பைப் பிள்ளைகள் என்னிடமே ஒப்படைத்தார்கள். 'ஹஜ்ரத் எழுதினால் சண்டை வராது' என்பது அவர்களுடைய நம்பிக்கை.

பதினான்கு பேரில் மூவரை நான் நீக்கினேன். அவர்களில் ஒருவன் ஒரு காலைச் சற்று இழுத்து நடப்பவன். வேகமாக ஓட அவனால் ஆகாது. ஆனால் முள்ளுக்குள் போன பந்தை முதலில் தேடப் போகிறவன் அவன்தான். ஒவ்வொரு நாள் ஆட்டத்தின் கணக்கையும் பழைய கட்டுரை நோட்டு ஒன்றில் கோடு போட்டு எழுதி வைப்பவனும் அவன்தான். பட்டியலைப் படித்து முடித்தபோது என் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றான். பிறகு, "பரவாயில்லை ஹஜ்ரத், நான் கணக்கு எழுதுறேன்" என்றான். அவன் அவ்வாறு சொன்னது எனக்குப் பெரிய ஆறுதலாகப் போயிற்று. அந்த ஆறுதலை நினைத்துத்தான் இன்று நான் வெட்கப்படுகிறேன்.

போட்டியன்று பதினோரு பேர் மஞ்சள் பனியனில் ஒளிர, அவன் பள்ளிச் சட்டையோடு எல்லைக்கோட்டருகே நோட்டை விரித்து அமர்ந்திருந்தான். முதல் ஆட்டத்திலேயே எங்கள் அணி தோற்றது. மறுநாளிலிருந்து அவன் திடலுக்கு வரவில்லை. நோட்டை மட்டும் வேறொரு பையனிடம் கொடுத்தனுப்பியிருந்தான்.

'சிறுபிள்ளைதானே, நாளடைவில் சரியாகிவிடுவான்' என்று நானும் விட்டுவிட்டேன்.

சீருடையை மறுத்த சிறுவன்

சில நாட்கள் சென்றன. வெளிநாட்டில் வாழும் என் மச்சானின் குடும்பம் விடுமுறைக்கு வந்திருந்தது. அவர்களுடைய மகன் தன் மடிக்கணினியில் ஒரு படத்தைப் போட்டுக்காட்ட, என் பிள்ளைகளோடு நானும் அமர்ந்து பார்த்தேன். 'சார்லி பிரவுனின் ஆல் ஸ்டார்ஸ்' என்பது அதன் பெயர். 1966-ஆம் ஆண்டு ஜூன் 8-ஆம் நாள் சி.பி.எஸ். தொலைக்காட்சியில் முதன்முதலாக ஒளிபரப்பானது. 1950 முதல் 2000 வரை நாளேடுகளில் 'பீனட்ஸ்' என்னும் சித்திரத் தொடரை வரைந்து புகழ்பெற்ற சார்லஸ் ஷுல்ஸ் எழுதிய கதை. பில் மெலண்டஸ் இயக்கியது. படத்தில் பெரியவர்கள் எவரும் தென்படுவதில்லை. சிறுவர்களின் பாத்திரங்களுக்குச் சிறுவர்களே குரல் கொடுத்திருக்கிறார்கள். ஆகவே அந்தப் பேச்சில் ஓர் உண்மை ஒலிக்கிறது.

பேஸ்பால் நம்மில் பலருக்கும் பழக்கமில்லாத ஆட்டம். அணிக்கு ஒன்பது பேர். மேட்டில் நிற்பவன் பந்தைத் தரையில் படாமல் எறிவான். மற்றவன் உருண்டையான மட்டையால் அடிப்பான். அடித்தவன் சதுரமாக அமைந்த நான்கு நிலைகளையும் சுற்றிவந்து, புறப்பட்ட இடத்தையே அடைந்தால் ஓர் ஓட்டம். பந்து அடிபடும் வரை காத்திராமல், எதிரணி அசந்த நேரத்தில் அடுத்த நிலைக்குப் பாய்ந்து ஓடுவதும் உண்டு. அதற்கு அவர்கள் இட்ட பெயர் 'திருடுதல்'! திருட்டுக்குப் பாராட்டுக் கிடைக்கும் ஒரே இடம் அந்தத் திடல்தான் போலும்.

சார்லி பிரவுன் ஒரு சிறுவர் அணியின் தலைவன். பையன்களும் பெண்பிள்ளைகளும் கலந்த அணி அது. ஸ்நூப்பி என்னும் அவனுடைய நாயும் அதில் ஓர் ஆட்டக்காரன். உண்மையைச் சொன்னால் அந்த நாய்தான் நன்றாக ஆடும்! அந்தப் பருவத்தின் முதல் ஆட்டத்தில் அவர்கள் 123-க்குப் பூஜ்யம் என்ற கணக்கில் தோற்கிறார்கள். "உன்னோடு இனி ஆடமாட்டோம்" என்று சொல்லி எல்லாரும் அவனைவிட்டு விலகுகிறார்கள்.

அந்நிலையில்தான் ஒரு நற்செய்தி வருகிறது. ஹென்னஸி என்னும் இரும்புச்சாமான் கடைக்காரர், அணிக்குச் சீருடை வாங்கித் தந்து, முறையான போட்டிச் சங்கத்திலும் சேர்த்துவிட முன்வருகிறார். சீருடை என்ற சொல்லைக் கேட்டதும் விலகிப்போனவர்கள் யாவரும் ஓடோடி வருகிறார்கள். சார்லி பிரவுனுக்குக் கால் தரையில் பாவவில்லை. ஆனால் பிறகு வருகிறது நிபந்தனை: சங்கத்தின் விதிப்படி பெண்பிள்ளைகளும் நாயும் அணியில் இருக்கக்கூடாது.

பெண்பிள்ளைகளும் நாயும்! இரண்டையும் ஒரே வாக்கியத்தில் அடக்கிவிட்டது அந்த விதி. இதைப் பார்த்தபோது எனக்கே சுருக்கென்றது.

சார்லி பிரவுன் என்ன செய்தான்? 'சீருடை வேண்டாம்' என்று மறுத்துவிட்டான். வாழ்நாள் முழுதும் தோற்றே பழகியவன், வெற்றிக்குரிய வாசல் திறந்தபோது, 'என் தோழர்கள் நுழைய முடியாத வாசல் எனக்கும் வேண்டாம்' என்று திரும்பி வந்துவிட்டான். மறுத்த செய்தியையும் அவன் உடனே சொல்லவில்லை. அடுத்த ஆட்டத்தில் வென்றுவிட்டால், சீருடை இல்லை என்ற ஏமாற்றம் அவர்களுக்குப் பெரிதாகத் தெரியாது என்று எண்ணினான். ஆனால் அந்த ஆட்டத்தின் இறுதிக் கட்டத்தில், கடைசி நிலைக்கு அவனே 'திருடி' ஓட முயன்று, எட்டும் முன்னரே பிடிபட்டான். அணி தோற்றது. சீருடையும் இல்லை என்று அறிந்ததும் எல்லாரும் அவன்மேல் பாய்ந்தார்கள். அப்போதும் அவன் காரணத்தைச் சொல்லவில்லை!

உண்மை அறிந்த லைனஸ் என்னும் சிறுவன்தான் பிற்பாடு பெண்பிள்ளைகளிடம் எடுத்துரைக்கிறான். அவர்கள் தலைகுனிகிறார்கள். தங்கள் கையாலேயே சார்லி பிரவுனுக்கு ஒரு சட்டை தைத்து, அவனே எங்கள் தலைவன் என்று அதில் பொறித்துக் கொடுக்கிறார்கள். அதற்கான துணி எங்கிருந்து வந்தது தெரியுமா? லைனஸ் எப்போதும் கன்னத்தில் அணைத்துக்கொண்டே திரியும் நீலப் போர்வையை வெட்டித் தைத்தது! படத்தின் கடைசிக் காட்சியில் மழை பெய்கிறது. ஆட்டம் இல்லை. புதுச்சட்டையோடு சார்லி பிரவுன் மேட்டில் நனைந்தபடி நிற்கிறான். அந்தச் சட்டையின் ஓரத்தைப் பிடித்துக் கன்னத்தில் வைத்துக்கொண்டு, விரலைச் சூப்பியபடி லைனஸும் அருகிலேயே நிற்கிறான்.

பிள்ளைகள் சிரித்தார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. நன்றி சொல்லும்போதுகூட, யாரோ ஒருவனுடைய போர்வையை நாம் வெட்டிவிடுகிறோம் அல்லவா?

ஒன்பது வயதான என் மகள் திரும்பிப் பார்த்துக் கேட்டாள்: "வாப்பா, அந்த அண்ணனை நீங்க ஏன் பேர்ல சேர்க்கலை? கடைக்காரர்கிட்ட வேணாம்னு சொல்லியிருக்கலாமே?"

என்னிடம் விடை இல்லை.

அந்த விதி வெறுங்கதையன்று

'இது கதைதானே' என்று தப்பித்துக்கொள்ளவும் வழியில்லை. அந்நாளில் அமெரிக்காவில் அத்தகைய விதி உண்மையிலேயே இருந்தது.

அமெரிக்கச் சிறுவர் பேஸ்பாலின் தலையாய அமைப்பு 'லிட்டில் லீக்' ஆகும். 1939-இல் பென்சில்வேனியா மாநிலத்தின் வில்லியம்ஸ்போர்ட் நகரில் கார்ல் ஸ்டாட்ஸ் என்பவர் அதைத் தொடங்கினார். பெரியவர்களின் திடல் சிறுவர்களுக்கு ஆகாது என்று கருதி, நிலைகளின் இடைவெளியை 90 அடியிலிருந்து 60 அடியாகக் குறைத்தார். சிறுவர்களின் காலுக்கேற்பத் திடலை அளந்த அந்த மனிதரைப் பாராட்டத்தான் வேண்டும். முதலாண்டில் மூன்றே அணிகள். ஒரு மரக்கடை, ஒரு பால் நிறுவனம், ஒரு தின்பண்ட நிறுவனம் ஆகியன அவற்றுக்குப் பொருளுதவி செய்தன. கடைக்காரர் கொடுக்கும் சீருடைக்கும் சிறுவர் ஆட்டத்துக்கும் உள்ள உறவு அன்றே தொடங்கிவிட்டது!

1950-இல் நியூயார்க் மாநிலத்தின் கார்னிங் நகரைச் சேர்ந்த கேத்ரின் ஜான்ஸ்டன் என்னும் சிறுமி, கூந்தலைக் கத்தரித்து, ஆண்பிள்ளை போல் வேறு பெயர் சொல்லி ஓர் அணியில் சேர்ந்து ஆடினாள். அடுத்த ஆண்டே பெண்பிள்ளைகளுக்கு இடமில்லை என்ற விதி வந்தது. ஷுல்ஸ் தம் கதையை எழுதிய 1966-இல் அந்த விதி நடப்பில் இருந்தது.

1972-இல் நியூஜெர்சி மாநிலத்தின் ஹோபோக்கன் நகரில் மரியா பேப்பே என்ற சிறுமி மூன்று ஆட்டங்கள் ஆடினாள். 'அவளை நீக்காவிட்டால் உங்கள் ஊர் அணிகளின் அங்கீகாரமே போய்விடும்' என்று எச்சரிக்கை வந்தது, அவள் நீக்கப்பட்டாள். வழக்குத் தொடரப்பட்டது. 1973-இல் அந்த மாநிலத்தில் பெண்பிள்ளைகளுக்குச் சாதகமாகத் தீர்ப்புக் கிடைத்தது. 1974-இல் லிட்டில் லீக் தன் கதவைத் திறந்தது. அதற்குள் மரியாவுக்கு ஆடும் வயது கடந்துவிட்டது! வழி திறந்துவிட்டவளுக்கு அந்த வழியில் நடக்கும் வாய்ப்பில்லாமற் போயிற்று. 2014-இல் லிட்டில் லீக்கின் உலகப் போட்டியில், பிலடெல்ஃபியா நகரின் மோனே டேவிஸ் என்னும் 13 வயதுச் சிறுமி, எதிரணிக்கு ஓர் ஓட்டமும் விடாமல் பந்தெறிந்து தன் அணியை வெற்றிபெறச் செய்தாள். அந்தப் போட்டியில் அவ்வாறு வென்ற முதற்பெண் அவளே.

ஒரு பட்டியலிலிருந்து ஒரு பெயரை அடிப்பதற்கு ஒரு நொடி போதும். அதே பெயரை மீண்டும் எழுதுவதற்கு எத்தனை ஆண்டுகள் ஆயின என்பதை எண்ணிப் பாருங்கள்!

அதே ஆண்டில் பிறந்த இன்னொரு கதை

வியப்பான ஒன்றைச் சொல்கிறேன். அதே 1966-ஆம் ஆண்டில், பேஸ்பால் ஆடும் வேறொரு சிறுவனின் கதை ஜப்பானில் பிறந்தது. 'கியோஜின் நோ ஹோஷி' என்பது பெயர். இக்கி கஜிவாரா எழுதி, நொபொரு கவசாகி வரைந்த சித்திரத் தொடர். 1968 முதல் 1971 வரை தொலைக்காட்சியில் 182 பகுதிகளாக ஒளிபரப்பாகி ஜப்பானையே கட்டிப்போட்டது. முன்னாள் ஆட்டக்காரரான தந்தை, தம்மால் எட்ட முடியாத உயரத்தைத் தம் மகன் ஹ்யூமா எட்ட வேண்டும் என்று விரும்புகிறார். சிறுவனின் உடலில் சுருள்கம்பிகளைப் பூட்டி, கையை நீட்டவே வலிக்கும்படி செய்து பயிற்சி தருகிறார். மகன் பெரும்புகழ் எய்துகிறான். இறுதியில் அவனுடைய பந்தெறியும் கையே பாழாகிவிடுகிறது.

இந்தக் கதை நம் நாட்டுக்கும் வந்தது. பேஸ்பாலைக் கிரிக்கெட்டாக மாற்றி, கதைக்களத்தை மும்பைக்குக் கொண்டுவந்து, 'சூரஜ் - தி ரைசிங் ஸ்டார்' என்ற பெயரில் ஜப்பானிய நிறுவனமும் ஹைதராபாத்தின் டி.க்யூ. என்டர்டெயின்மென்ட் நிறுவனமும் இணைந்து படமாக்கின. 2012 டிசம்பர் 23 முதல் கலர்ஸ் தொலைக்காட்சியில் இந்தியில் 26 பகுதிகள் ஒளிபரப்பாயின. ஏழைக் குடியிருப்பில் வாழும் சிறுவன், தந்தையின் கண்டிப்பான பயிற்சியால் பெரிய ஆட்டக்காரனாக உயர முயல்கிறான். இதற்கும் ஜப்பானிய நிறுவனங்கள் சில பொருளுதவி செய்தன.

உழைப்பை நான் குறைத்துச் சொல்லவில்லை. வறுமையிலிருந்து ஏறி வர விரும்பும் பிள்ளைக்கு வியர்வையைத் தவிர வேறு ஏணி ஏது? சூரஜைப் போன்ற பிள்ளைகள் நம் ஒவ்வோர் ஊரிலும் இருக்கிறார்கள். அவர்களுக்கு ஊக்கம் தேவை. ஆயினும் ஒன்றைக் கவனியுங்கள். ஒரு கதை, 'நீ நட்சத்திரமாக வேண்டும்' என்கிறது. மற்றொரு கதை, 'உன் பக்கத்தில் நிற்பவன் யார் என்று பார்' என்கிறது. முதலாவதை நம் பிள்ளைகளுக்கு நாம் சொல்லித்தரவே வேண்டியதில்லை. தொலைக்காட்சி சொல்கிறது, பள்ளிக்கூடம் சொல்கிறது, கடைவீதியின் விளம்பரப் பலகை சொல்கிறது. இரண்டாவதைச் சொல்வதற்குத்தான் ஆள் இல்லை. பெற்றோரும் ஆசிரியரும் எதற்காக இருக்கிறோம்?

திடலின் அளவு

நாட்டுக்காகவோ மாநிலத்துக்காகவோ ஆடுவோரைத் தேர்ந்தெடுக்கும்போது திறமை ஒன்றே அளவுகோலாக இருக்கட்டும், அது முறைதான். ஆனால் பத்து வயதுப் பிள்ளைகள் ஆடும் ஊர்த்திடலுக்கு அந்த அளவுகோலை நாம் ஏன் எடுத்துச் செல்ல வேண்டும்? அங்கே வென்றால் நமக்குக் கிடைப்பது ஒரு பிளாஸ்டிக் கோப்பை. ஒதுக்கப்பட்டால் ஒரு பிள்ளை இழப்பதோ, 'நானும் இவர்களில் ஒருவன்' என்னும் நம்பிக்கையை! கார்ல் ஸ்டாட்ஸ் சிறுவர்களுக்காகத் திடலின் அளவைக் குறைத்தார். நாமோ நம்முடைய ஆசையின் அளவுக்குப் பிள்ளைகளை நீட்டப் பார்க்கிறோம்.

கடைக்காரரைக் குறைசொல்லி என்ன பயன்? அவர் தம் பணத்துக்கு விளம்பரம் தேடினார், அது வணிகம். "ஐயா, பதினான்கு பனியன் தந்தால் வாங்கிக்கொள்கிறோம், இல்லையேல் பழைய சட்டையிலேயே ஆடுகிறோம்" என்று சொல்ல வேண்டியவன் நான். இன்னும் மூன்று பனியன்களுக்கு என் கைப்பணமே போதியதாக இருந்திருக்கும். அந்த எண்ணம் அன்று எனக்குத் தோன்றவே இல்லை. ஒரு சித்திரச் சிறுவனுக்குத் தோன்றியது, நாற்பதைக் கடந்த ஆசிரியனுக்குத் தோன்றவில்லை!

மகள் கேட்ட மறுநாள் அந்தப் பையனின் வீட்டுக்குச் சென்றேன். அவனுடைய தாயார் தேநீர் கொடுத்தார். "தம்பி, பட்டியல் எழுதியதில் தவறு என்னுடையது. உன் கால் மீது குறையில்லை, என் கண் மீதுதான் குறை" என்றேன். அவன் தரையையே பார்த்துக்கொண்டிருந்தான். ஒன்றும் பேசவில்லை. அன்று மாலை திடலில் மற்றப் பிள்ளைகளின் முன்னிலையிலும் அதையே சொன்னேன். நீக்கப்பட்ட மற்ற இருவரிடமும் வருத்தம் தெரிவித்தேன். ஆட வருகிற ஒவ்வொருவரும் மட்டை பிடிக்காமல் வீடு திரும்பக்கூடாது என்று பிள்ளைகளே ஒரு விதி வகுத்துக்கொண்டார்கள்.

இரண்டு வாரங்கள் கழித்து அவன் வந்தான். இப்போது நாள்தோறும் வருகிறான். அவன் அடித்தால் வேறொருவன் அவனுக்காக ஓடுகிறான். ஆனால் கணக்கு நோட்டை மட்டும் அவன் தொடுவதில்லை. "நான் ஆட வந்திருக்கேன் ஹஜ்ரத், எழுத வரலை" என்கிறான். அவன் சொல்வது நியாயம்தானே? கணக்கைப் பிள்ளைகள் முறைவைத்து எழுதுகிறார்கள். என் முறையும் வருகிறது.

அன்புப் பெற்றோர்களே! இன்று மாலை உங்கள் பிள்ளை புழுதிக் காலோடு வாசலில் வந்து நிற்கும்போது, "யார் ஜெயித்தது?" என்று கேளுங்கள், அதில் தவறில்லை. அத்தோடு, "இன்னைக்கு எல்லாரும் ஆடினீங்களா? யாராவது சும்மா உட்கார்ந்திருந்தாங்களா?" என்று இன்னொரு கேள்வியையும் சேர்த்துக் கேளுங்கள். சில நாட்கள் கேட்டால் போதும். பிறகு திடலிலேயே அந்தக் கேள்வி அவன் நினைவுக்கு வந்துவிடும்.